முகமூடி கைமாறும் விதி

1. எங்கள் வீட்டுக் காமிக்ஸ் நோட்டில் முகமூடியை முதலில் அணிந்த சூப்பர் ஹீரோ, அண்ணன் வரைந்த வடசேரி வாழைக்குலை வியாபாரி.
2. துபாயில் வேலை கிடைத்ததும் அண்ணன் அந்த வியாபாரியைப் பேச்சிப்பாறை அணையில் தள்ளிக் கொன்றான்.
3. முகமூடி நான் வரைந்த பெண் பொறியாளருக்கு வந்தது.
4. எனக்குச் சென்னையில் வேலை கிடைத்தது. அடுத்த முறை தங்கையுடையது.

வரைந்தவரே தன் ஆளைக் கொன்றால்தான் முகமூடி கைமாறும் என்பது எங்கள் விதி. பொறியாளரைக் கொல்ல எனக்குக் கை வரவில்லை. ராஜினாமா செய்யவைத்தேன். தங்கை ஒப்புக்கொள்ளவில்லை.

“வேலைய விட்டவ திரும்பி வருவாக்கா. செத்தாத்தான் முகமூடி எனக்குன்னு ஒறப்பு.”

“ஏட்டி, அவ பாவம்லா,” என்றேன்.

“அண்ணன் அரை மணிக்கூருல முடிச்சான்.”

ஞாயிற்றுக்கிழமை எனக்கு ரயில். பொறியாளர் உயிரோடு இருக்கிறாள். தங்கை தன் கதாநாயகியைத் தனித் தாளில் வரைந்து வைத்துக்கொண்டு காத்திருக்கிறாள்.