டிவிக்குள் இருந்த சக்களத்தி

என் கணவருக்கு ஒரு நடிகையைப் பிடிக்கும். கறுப்பு வெள்ளைக் காலத்து நடிகை. கலியாணமாகி நான் டென்மார்க்கில் ஹேர்னிங்குக்கு வந்து இறங்கியபோது அவளுடைய படக் கசெட்டுகள் அலுமாரியில் இரண்டு தட்டுகளைப் பிடித்திருந்தன. என் சேலைகளுக்கு ஒரு தட்டுத்தான் மிஞ்சியது. அன்றைக்கே எனக்கு வயிறு எரிந்தது.

அவளைப் பற்றி நான் தேடித் தேடி வாசித்தேன். ஒரு பாட்டுக்கு ஆட வந்தவள் கதாநாயகி ஆனாள், பிறகு அண்ணி ஆனாள், கடைசியில் தன்னோடு காதல் பாட்டுப் பாடினவனுக்கே அம்மாவாக நடித்தாள். எந்தப் படத்திலும் இழுத்துப் போர்த்திய சேலையும் அழுகையும்தான். அதை வைத்தே சனம் அவளைக் குடும்பப் பெண் என்று கும்பிட்டது. நேரில் சிகரெட் பிடிப்பாளாம், படப்பிடிப்பில் சீட்டு விளையாடுவாளாம் என்று ஒரு பத்திரிகையில் கண்டதும் ஆசையாக ஓடிப்போய் அவரிடம் சொன்னேன்.

"அது அவவின்ர சொந்த விஷயம்" என்றார். என் நரைக்கு டை பூசச் சொல்லி நச்சரிக்கிற மனிதர்!

யுத்தம் முடிந்த அந்த மே மாதம், வன்னியில் இருந்த அவருடைய தம்பி செத்துப்போனார் என்று ஃபோன் வந்தது. "ஓம்... ஓம்" என்றுவிட்டு வைத்தார். மறுநாள் துணி ஃபாக்டரிக்கு வேலைக்குப் போனார். சனம் சாப்பாடு சமைத்துக்கொண்டு வந்து கட்டிப்பிடித்து அழுதது. நானும் அழுதேன். அவர் எல்லாருக்கும் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தார். கையைப் பிடித்தால் உருவிக்கொண்டார். இப்படியே உள்ளுக்குள் வைத்து வைத்து இந்த மனிதருக்கு ஏதும் ஆகிவிடுமோ என்று எனக்குப் பயம் பிடித்தது.

ஒரு ஞாயிறு மத்தியானம் கடைக்குப் போய்விட்டு வருகிறேன், வீட்டில் படம் ஓடுகிறது. செத்த வீட்டில், முப்பத்தோராம் நாள் கிரியைகூட முடியவில்லை. திரையில் அவள் மகனின் உடலில் விழுந்து கதறுகிறாள். எதிரே சோபாவில் இவர் குலுங்கிக் குலுங்கி அழுகிறார்.

முதலில் சத்தத்தைக் குறைத்தேன். பக்கத்து வீட்டுத் தமிழ்ச் சனத்துக்குக் கேட்டால் மானம் போய்விடும். பிறகு வெடித்தேன்.

"என்னோட இருந்து ஒரு சொட்டு விடேல்லை. இவளுக்கு முன்னால மட்டும் வருதோ?"

"நீர் என்னைப் பாக்கிறீர்" என்றார். "நான் அழுதால் ஓடிவந்து பிடிப்பீர். எங்கட பிள்ளையளும் பயந்து போயிடுவினம். பிறகு நான்தான் உங்கள் எல்லாரையும் தேத்த வேணும். அவ என்னைப் பாக்கமாட்டா."

அன்றைக்கு வந்த பொறாமை வேறு எந்த நாளும் வந்ததில்லை. நிறுத்த எடுத்த ரிமோட்டை வைத்துவிட்டு அவர் பக்கத்தில் இருந்தேன். திரையையே பார்த்தேன். கொஞ்ச நேரத்தில் பக்கத்தில் அழுகை மறுபடி தொடங்கியது. கை பரபரத்தது, மடிக்குள் இறுக்கி வைத்துக்கொண்டேன். படம் முடியும்வரை நான் திரும்பவே இல்லை. பார்க்காமல் இருப்பது அவளுக்கு எவ்வளவு சுலபம்.