குருவின் பார்வையை மறைத்த கற்கள்

போன மாதம் அத்தை மகளின் கல்யாண மண்டபத்தில், யாரும் கேட்காமலேயே ஒலிவாங்கியைப் பிடுங்கி, மணப்பெண்ணின் அப்பா அம்மாவைச் சேர்த்துவைத்ததே நான்தான் என்று அறிவித்தேன். ஐம்பதை நெருங்கும் பெண் செய்கிற காரியமில்லை. ஆனால் பத்து வயதிலிருந்து நான் நம்பி வந்த கதை. மேடை கிடைத்தால் விட மனம் வருமா?

அப்போது நாங்கள் புக்கிட் காத்தில் என்ற ஊரில் இருந்தோம். அப்பாவின் தங்கையான அத்தை எங்கள் வீட்டிலிருந்துதான் குருபோங்கில் ஒரு தொழிற்சாலைக்கு வேலைக்குப் போய்வந்தார். அவர் ஜாதகத்தில் செவ்வாய் ஏழாம் இடத்தில் உட்கார்ந்திருந்தது. அதை எழுப்ப யாராலும் முடியாமல் இரண்டு சம்பந்தங்கள் வந்த வழியே திரும்பியிருந்தன. இன்னொன்றும் போனால் அத்தை இப்படியே இருந்துவிட வேண்டியதுதான் என்று அம்மா பயந்தார்.

மூன்றாவதாகப் பெம்பானிலிருந்து வந்தார்கள். மாப்பிள்ளை, அவருடைய அம்மா, ஜாதகம் பார்க்கத் தெரிந்த தாய்மாமன். தாய்மாமன் கட்டங்களை வெகுநேரம் முறைத்துவிட்டு, செவ்வாய் இருந்தாலும் குரு பார்க்கிறார், தோஷம் நிவர்த்தி என்றார். அப்பா அப்போதுதான் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார். அம்மா சூடான வடைத் தட்டை முன்னே நகர்த்தினார்.

அந்த வாரம்தான் பள்ளிக்கு வந்த நடமாடும் நூலகத்தில் சிறுகோள்களைப் பற்றி ஒரு மலாய்ப் புத்தகம் எடுத்திருந்தேன். படித்தது வயிற்றில் தங்கவில்லை.

"குரு எப்படித் தாத்தா பார்க்கும்? செவ்வாய்க்கும் குருவுக்கும் நடுவுல ஆயிரக்கணக்கா கல்லு சுத்துதே."

தாய்மாமனைத்தான் கேட்டேன். என்ன கல் என்று அவர் திருப்பிக் கேட்டார். கேட்டிருக்கக் கூடாது. புத்தகத்தில் எனக்குப் பிடித்த கல்லைப் பற்றி ஆரம்பித்துவிட்டேன். வானத்தின் ஒரே மூலையை இரண்டு இரவு படம் பிடித்தார்களாம். நட்சத்திரமெல்லாம் இருந்த இடத்தில் இருக்க, ஒரு புள்ளி மட்டும் நகர்ந்திருந்ததாம். முதலில் அதற்கு வெறும் எண்தான். அது போகிற பாதை உறுதியான பிறகே கண்டுபிடித்தவர் பெயர் வைக்கலாம். கரி மாதிரி கறுத்த வகை இல்லை, அசல் பாறை, வெயில் பட்டால் ஓரளவு பளிச்சென்று தெரியும். உருண்டையும் இல்லை, உருளைக்கிழங்கு மாதிரி இருப்பதால் சுழலச் சுழல மங்கி மங்கிப் பிரகாசிக்கும். உருளைக்கிழங்கு வந்தபோது அம்மா என் தொடையைக் கிள்ளினார்.

"இவ்ளோ கல்லு இருக்கே, பஞ்சாங்கத்துல போடலையா அண்ணே?" என்று மாப்பிள்ளையின் அம்மா கவலையோடு கேட்டார்.

தாய்மாமன் ஜாதகத்தை மெதுவாக மடிக்க ஆரம்பித்தார். அப்பா மறுபடி நாற்காலி நுனிக்கு வந்தார். அந்த நேரம் பார்த்து அத்தை கோப்பித் தட்டோடு வந்தார். எல்லாருக்கும் பால் கோப்பி. மாப்பிள்ளைக்கு மட்டும் கறுப்புக் கோப்பி, சர்க்கரைகூட இல்லாத கொசோங். பதற்றத்தில் அத்தை மறந்துவிட்டார் என்று நினைத்து மாப்பிள்ளைக்காக இரக்கப்பட்டேன். அவரோ முகம் சுளிக்காமல் குடித்துவிட்டு, முதல் முறையாக வாயைத் திறந்தார்.

"அந்தக் கல்லுங்க கிட்டக் கிட்ட இருக்குமா பாப்பா?"

இல்லை, ஒன்றுக்கொன்று லட்சக்கணக்கான கிலோமீட்டர் தள்ளியிருக்கும், விண்கலமே உரசாமல் போய்விடும் என்றேன்.

"அப்படின்னா குருவுக்கு நல்லாத் தெரியும்லா மாமா."

தாய்மாமன் யோசித்தார். பிறகு ஜாதகத்தை விரித்தார். அன்றே நாள் குறித்தார்கள். நான் கொண்டுவந்த அறிவியல் ஜெயித்தது என்று அன்றிலிருந்து தலை நிமிர்ந்து நடந்தேன்.

போன மாதம் என் உரைக்கு நல்ல கைதட்டல். இறங்கி வந்து பந்தியில் உட்கார்ந்தபோது, அன்றைய மாப்பிள்ளையான மாமாவுக்கு அத்தை கோப்பி வாங்கிவந்து வைத்தார். கறுப்பாக இருந்தது. சர்க்கரை வேண்டாமா என்று கேட்டேன்.

மாமா எந்தக் காலத்தில் சர்க்கரை போட்டார் என்று அத்தை திருப்பிக் கேட்டார். கல்யாணத்துக்கு முன்பே மூன்று வருஷம் ஒரே தொழிற்சாலைக் கேண்டீனில் எதிரெதிரே உட்கார்ந்து குடித்தவர்களாம்; தரகர் கையில் தன் ஜாதகத்தைக் கொடுத்து எங்கள் வீட்டுக்கு அனுப்பியதே மாமாதானாம். நான் கையிலிருந்த அப்பளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நீ மட்டும் அன்னைக்கு வாயை மூடிக்கிட்டு இருந்திருந்தா, வடை ஆறுறதுக்குள்ள பேசி முடிச்சிருப்பாங்கடி" என்றார் அத்தை.