விளம்பரம் வந்த பிறகும்

தொண்ணூறுகளின் நடுவில், பம்பாயில் பார்த்த நர்ஸ் வேலையை விட்டுவிட்டு சித்தி புனா பக்கம் கட்கியில் இருந்த எங்கள் குவார்ட்டர்ஸுக்கு வந்தபோது அவளுக்கு ஐந்து மாதம். கல்யாணம் ஆகவில்லை. புருஷன் துபாயில் இருப்பதாக அம்மா அக்கம்பக்கத்தில் சொல்லிவைத்தாள். அதற்குத் தோதாகக் கழுத்தில் ஏதாவது வேண்டுமே? மராட்டிப் பெண்கள் போடும் கருகமணி மங்கள்சூத்திரம் ஒன்றைக் கடைவீதியில் வாங்கிவந்து மாட்டிவிட்டாள்.

"தாலின்னா பொய்யாக் கட்டக்கூடாது. இது பாசிமணிதானே" என்றாள். அம்மாவின் சாமர்த்தியத்துக்கு அளவே கிடையாது.

குட்டு வெளிப்பட்டால் சித்தி எங்கே போவாள் என்பதுதான் எங்களுக்கிருந்த பயம். ஊரில் தாத்தா, வாசலை மிதிக்கக் கூடாது என்று சொல்லிவிட்டிருந்தார்.

எங்கள் வரிசை வீடுகளில் பலர் ஆவடியிலிருந்து மாற்றலாகி வந்தவர்கள். அந்த வீட்டுப் பெண்களுக்கு ஹிந்தி வராது. வாரம் ஒருநாள் எங்கள் டிவி முன்னால் கூடி ஆஸ்பத்திரி சீரியல் பார்ப்பார்கள். சித்தி வசனத்தை உடனுக்குடன் தமிழில் சொல்வாள். வியாதிகளைப் பற்றிய விளக்கம் இலவசம்.

ஒரு வாரம், கதையில் வரும் டாக்டரம்மா கல்யாணமாகாமலே கர்ப்பம். பெரிய டாக்டர் குழந்தையின் தகப்பன் பெயரைக் கேட்டுச் சத்தம் போட்டார். எதிர்வீட்டு அக்கா மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "ஐயோ பாவம், என்ன சொல்றா?" என்றாள்.

"அவன் ஓடிட்டான். ஆனா நான் பெத்துக்கத்தான் போறேன்னு சொல்றா" என்றாள் சித்தி.

விளம்பரம் வந்தது. திரை முழுக்க சோப்பு நுரை. சித்தி நிறுத்தவில்லை.

"எனக்கு வெட்கமா இல்ல. பயமாத்தான் இருக்கு. எங்க அக்கா வீட்ட விட்டா எனக்குப் போக்கிடம் இல்ல."

சீரியலில் டாக்டரம்மாவுக்கு அக்காவே கிடையாது. எல்லோருக்கும் புரிந்துவிட்டது. கதை முடியும்முன்பே ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். டிவியில் வருகிறவளுக்காக அழத் தெரிந்தவர்களுக்குப் பக்கத்தில் இருந்தவளிடம் ஒரு வார்த்தை சொல்லத் தெரியவில்லை. அன்றைக்கு எனக்கு வந்த கோபம் இன்னும் ஆறவில்லை. அம்மாவும் அன்று சித்தியோடு பேசவில்லை.

அடுத்த வாரம் ஒருவரும் எட்டிப்பார்க்கவில்லை. சித்தி உள்ளறையில் பெட்டியில் துணி அடுக்கிக்கொண்டிருந்தாள். சரியாகச் சீரியல் நேரத்துக்கு அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து டிவியைப் போட்டாள். காலை நீட்டித் தரையில் உட்கார்ந்தாள். காய்கறிக்காரனோடு ஹிந்தியிலேயே மணிக்கணக்காகச் சண்டை போடக்கூடியவள் எங்கள் அம்மா.

"என்னடி சொல்றா அவ?" என்று உள்ளே பார்த்துக் குரல் கொடுத்தாள். "அந்தப் பெட்டிய மூடி வச்சிட்டு வந்து உக்காந்து சொல்லு."