நூற்று அறுபதாம் பக்கத்து டிரைவர்

எங்கள் பக்கத்தில் போர் என்றால் மூன்று அர்த்தம் உண்டு. ஒன்று வைக்கோல் போர். இன்னொன்று தண்ணீருக்காகப் பூமியைத் துளைக்கும் போர். மூன்றாவது, பேப்பரில் வருகிற போர். அதற்கும் எங்களுக்கும் ரொம்பத் தூரம்.

1997-ல் கீழப்பழுவூருக்குப் பக்கத்தில் எங்கள் ஊர் நூலகத்தில் நான் வேலைக்குச் சேர்ந்தபோது, வேறு எங்கோ கழித்துக்கட்டிய முந்நூறு பழைய புத்தகங்கள் வந்து இறங்கின. அதில் ஒன்றின் அட்டையில் 'போர்' என்று பெரிய எழுத்து. கீழே பொடி எழுத்தில் என்ன இருக்கிறது என்று நான் பார்க்கவில்லை. மூன்று நாளாகக் கையெல்லாம் கோந்து, எண் போட்டு முடித்தால் போதும் என்றிருந்தது. 'விவசாயம்' அலமாரியில், 'போர் போடலாம் வாங்க' என்ற ஒல்லிப் புத்தகத்துக்குப் பக்கத்தில் வைத்துவிட்டேன். பாதிப் புத்தகங்கள் தாள் தாளாகப் பிரிந்து கிடந்ததால், அலமாரி வாரியாகக் கயிறு போட்டுக் கட்டி, அரியலூர்க் கடைத்தெருவில் ஒரு பைண்டரிடம் கொடுத்து வாங்கி வந்தேன்.

இதற்காக என்னைக் கேலி செய்யாத ஆள் இந்த ஊரில் கிடையாது. "புஷ்பவல்லிகிட்ட வைக்கோல் போருக்கு புக்கு இருக்கான்னு கேளு" என்பார்கள். கேட்கட்டும். அந்தத் தப்பை நான் செய்திருக்காவிட்டால் அரியமுத்து அண்ணன் வாழ்நாளில் ஒரு புத்தகத்தைத் தொட்டிருக்க மாட்டார்.

அரியமுத்து அண்ணன் போர் வண்டி டிரைவர். போர் வண்டி என்பது இரண்டு லாரி: ஒன்றில் துளை போடும் மிஷின், இன்னொன்றில் கம்ப்ரசர். கம்ப்ரசர் லாரியை ஓட்டுவது அண்ணன். வேலை முடிந்து வரும்போது தலை முதல் கால் வரை சுண்ணாம்புக்கல் தூசி அப்பியிருக்கும். பதினைந்து வருஷம் அந்த இரைச்சலில் நின்றதால் காது மந்தம். அதனால் அவர் ரகசியம் பேசினாலும் ரோட்டுக்குக் கேட்கும். 'அமைதி காக்கவும்' என்று நான் மாட்டியிருந்த பலகைக்கு நேர் கீழே நின்றுகொண்டுதான் 1998-ல் ஒருநாள் கத்தினார்.

"மேடம்! போர் பத்தி புக்கு இருக்குங்களா? ஓனரு புது மிஷின் எடுக்கப் போறாராம்!"

இரண்டையும் எடுத்துக் கொடுத்தேன். ஒல்லிப் புத்தகத்தில் முதல் பக்கத்தைப் படித்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். "இத எழுதுனவன் போர் வண்டியத் தூர நின்னு கூடப் பாத்திருக்க மாட்டான். நமக்குத் தெரியாத போரா? அந்தக் குண்டு புக்கக் குடுங்க. குண்டா இருந்தா விஷயம் இருக்கும்."

மூன்றாம் நாள் திரும்பி வந்தார். 

"என்ன மேடம், நாலாவது பக்கத்துலயே குண்டு போடுறான்?"

"தப்பா குடுத்துட்டேண்ணே. மாத்தித் தரேன்."

"மாத்தச் சொல்லி யாரு கேட்டா? இன்னும் பதினஞ்சு நாளைக்குப் போட்டுக் குடுங்க!"

அது ஒரு தமிழ்ச் செய்தியாளர், எங்கோ மலைநாட்டில் நடந்த சண்டைக்குள் ஒரு வருஷம் இருந்து எழுதிய புத்தகம். ஜன்னல் கண்ணாடி சிதறாமலிருக்கக் குறுக்கும் நெடுக்கும் டேப் ஒட்டுவது, நோட்டுப் புத்தகத்தைக் காலுறைக்குள் ஒளித்து வைப்பது, குண்டுச் சத்தத்தை வைத்துத் தூரத்தைக் கணக்கிடுவது எல்லாம் அதில் இருந்தது. அண்ணனுக்கு அதெல்லாம் இரண்டாம் பட்சம். செய்தியாளருக்கு ஒரு டிரைவர் இருந்தார், பெயர் யூசுப். ஒவ்வொரு சோதனைச் சாவடி வரும்போதும் பாட்டுப் பாடிக்கொண்டே வண்டியை மெதுவாக்குவார். அந்த யூசுப்பிடம்தான் அரியமுத்து அண்ணன் விழுந்தார்.

மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் லாரி நிழலில் உட்கார்ந்து கூட வேலை செய்பவர்களுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினார். அவர் குரலுக்கு அடுத்த வயலில் களை எடுப்பவர்களும் யூசுப் கதையைக் கேட்டார்கள்.

நூற்று அறுபதாம் பக்கத்தில் ஒரு சாவடியில் வண்டியை மறிக்கிறார்கள். யூசுப்பை மட்டும் இறங்கச் சொல்கிறார்கள். 'அவர் சாவியை என் கையில் வைத்து' என்று பக்கம் முடிகிறது. எதிர்ப் பக்கம் நூற்று எழுபத்தேழு. 'விமானம் மேலே ஏறியதும் கண்ணை மூடிக்கொண்டேன்' என்று செய்தியாளர் ஊர் திரும்பிக்கொண்டிருக்கிறார். நடுவில் பதினாறு பக்கம் இல்லை. அதற்கப்புறம் கடைசி வரை யூசுப் பெயரே இல்லை.

அன்றைக்கு அண்ணன் வந்து நின்ற கோலம் எனக்கு இன்னும் மறக்கவில்லை. அன்றுதான் அவர் மெதுவாகப் பேசினார்.

"யூசுப் என்ன ஆனான் மேடம்?"

எனக்கு எப்படித் தெரியும்? பதிப்பகத்துக்கு எழுதினேன். 'முகவரியில் இல்லை' என்று கடிதம் திரும்பி வந்தது. அண்ணன் ஒருநாள் லீவு போட்டுவிட்டு ரயிலேறித் திருச்சிக்குப் போய்க் கடை கடையாக விசாரித்துவிட்டு வந்தார். கிடைக்கவில்லை. செய்தியாளர் மேல் அவருக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. "டிரைவர மாட்டிவிட்டுட்டு, சாவிய வாங்கிக்கிட்டு வண்டிய எடுத்துட்டுப் போயிட்டான். அப்பறம் பிளேன்ல தூக்கம் வேற!"

அதோடு விடவில்லை. சாவி ஒரு பிடிவாதமாக மாறிப்போனது. லாரிச் சாவியை நீளக் கயிற்றில் கட்டி அரைஞாணில் முடிந்துகொண்டு யாருக்கும் தர மறுத்தார். அவருடைய மச்சினன் அழகேசன் ஹெவி லைசென்ஸ் வாங்கி, மாற்று டிரைவர் என்று பேருக்குக் கூடவே உட்கார்ந்து வந்தார். முப்பது வயது, இரண்டு பிள்ளைக்குத் தகப்பன், ஸ்டியரிங்கைத் தொட்டது கிடையாது. அரியமுத்து அண்ணனுக்குக் காய்ச்சல் என்றால் அன்றைக்கு லாரிக்கும் காய்ச்சல். கேட்டால் ஒரே பதில்: "சாவியக் குடுத்தவன் என்ன ஆனான்னு தெரியட்டும், அப்பறம் குடுக்குறேன்."

அழகேசன் என்னிடம் வந்து கெஞ்சுவார். "அக்கா, யூசுப்பு நல்லா இருக்கான்னு நீங்களே ஒரு லெட்டர் எழுதிப் போட்டுருங்களேன்."

நான் மாட்டேன் என்றுவிட்டேன். நூலகத்தில் பொய் எழுதி வைக்க எனக்கு மனசு வரவில்லை.

ஆனால் யுத்த பூமியிலிருந்து எழுதிய புத்தகம் எது வந்தாலும் அண்ணனுக்காக எடுத்து வைத்தேன். அவர் முதலில் கேட்பது, "டிரைவர் பேரு போட்டுருக்கானா?" 'எங்கள் ஓட்டுநர்' என்று மட்டும் எழுதியிருந்தால் புத்தகத்தை அப்படியே மேசையில் வைத்துவிடுவார். அந்தக் கண்ணோடு நானும் படிக்கப் பழகினேன். எத்தனை பெரிய மனிதர்கள் தங்களைச் சாவிலிருந்து ஓட்டி வந்தவனின் பெயரை மறந்துவிட்டார்கள் என்று தெரிந்தபோது எனக்கே ஆத்திரமாக வந்தது.

இதற்குள் அரியலூர் தனி மாவட்டமானது, மறுபடியும் பெரம்பலூரோடு சேர்ந்தது, நான் ரப்பர் ஸ்டாம்பை மாற்றி மாற்றிச் செய்தேன். யூசுப் மட்டும் அந்தச் சாவடியிலேயே நின்றுகொண்டிருந்தார்.

2004 கோடையில் கிணறெல்லாம் வறண்டு, போர் வண்டிக்கு ஊரே வரிசையில் நின்றது. எங்கள் தெரு இளையபெருமாள் வந்து 'போர் போடலாம் வாங்க' புத்தகத்தை எடுத்துப் போனார். அதை எடுத்துப் போனவர்கள் முன்பும் உண்டு, பத்துப் பக்கத்தைத் தாண்டியவர் இல்லை. இளையபெருமாள் அப்படியல்ல. பஸ் டிக்கெட்டின் பின்பக்கத்தையும் விடாமல் படிக்கிறவர்.

இரண்டாம் நாள் காலையில் வந்து புத்தகத்தை மேசையில் பொத்தென்று போட்டார்.

"ஏம்மா, எத்தன அடி போடணும்னு பாக்கலாம்னு எடுத்துட்டுப் போனா, கடைசியில துப்பாக்கியக் காட்டி வண்டிய மறிக்கிறானுவளே! எவன் அந்த யூசுப்பு?"

புத்தகத்தின் கடைசிப் பக்கங்களைப் புரட்டினேன். நூற்று இருபதாம் பக்கத்துக்குப் பிறகு நூற்று அறுபத்தொன்று. அந்தத் தாள்களின் மேலே பக்கத்துக்குப் பக்கம் 'போர்' என்றுதான் இருக்கிறது. இரண்டையும் ஒரே கட்டாகக் கட்டிக் கொடுத்தவள் நான். உதிரிப் பதினாறு பக்கத்தைப் பைண்டர் ஒல்லிப் புத்தகத்தின் வாலில் வைத்துத் தைத்துவிட்டார். ஆறு வருஷமாக யூசுப், அண்ணன் கைக்கு எட்டும் தூரத்தில், அதே அலமாரியில் இருந்திருக்கிறார்.

வெட்கம் ஒரு பக்கம், சிரிப்பு ஒரு பக்கம். மத்தியானம் நூலகத்தை அடைக்கும் நேரம் வந்ததும் பூட்டிவிட்டு பஸ் ஏறினேன். அன்றைக்கு வண்டி உடையார்பாளையம் பக்கம் ஒரு முந்திரிக் கொல்லையில் நின்றது. வழியில் நான் புத்தகத்தைத் திறக்கவில்லை. அவருக்கு முன்னால் தெரிந்துகொள்ள எனக்கு உரிமை இல்லை என்று தோன்றியது.

போய் இறங்கினால் காதைப் பிளக்கும் இரைச்சல். புத்தகத்தைத் தூக்கிக் காட்டிக் கத்தினேன். "யூசுப்பு கிடைச்சுட்டாருண்ணே!"

அவருக்கு ஒரு வார்த்தையும் கேட்கவில்லை. என் வாயசைவைப் பார்த்தார், புத்தகத்தைப் பார்த்தார். நேராகப் போய்க் கம்ப்ரசரை அணைத்தார். கொல்லைக்காரர் "ஏன் நிறுத்துன?" என்று ஓடி வந்தார். "ராடு மாத்தணும்" என்றார் அண்ணன். பாவம், துளைக்கும் ராடு அப்போதுதான் மாற்றியிருந்தார்கள்.

எல்லாரும் சுற்றி நின்றார்கள். நானே படித்தேன்.

'"பிரேக் கொஞ்சம் இழுக்கும், பார்த்து ஓட்டு" என்றார் யூசுப். அவரைச் சாவடிக்குப் பின்னால் கூட்டிப் போனார்கள். எனக்கு வண்டி ஓட்டத் தெரியாது என்பதை அவரிடம் நான் சொன்னதே இல்லை. சாவியைப் பிடித்துக்கொண்டு இரண்டு மணி நேரம் அழுதுகொண்டு உட்கார்ந்திருந்தேன்.'

அரியமுத்து அண்ணன் வாயைத் திறந்தபடி நின்றார். படித்துக்கொண்டே போனேன். சாவடிக்குப் பின்னால் ஒரு லாரி ஸ்டார்ட் ஆகும் சத்தம். கை நிறைய கிரீஸ், கக்கத்தில் ஒரு தர்பூசணி, யூசுப் பாடிக்கொண்டே வருகிறார். அந்தச் சிப்பாய்களின் லாரி மூன்று நாளாகக் கிளம்பாமல் கிடந்ததாம். இறங்கச் சொன்னது ரிப்பேர் பார்க்கத்தான். கூலி தர்பூசணி. அதற்கப்புறம் நாலு மாதம் அவரேதான் ஓட்டினார். நூற்று எழுபத்தாறாம் பக்கத்தின் கடைசி வரி: 'விமான நிலைய வாசலில் யூசுப் என்னைக் கட்டிப்பிடித்துவிட்டு, பாடிக்கொண்டே வண்டியைத் திருப்பிப் போனார்.'

முதலில் அழகேசன் விசில் அடித்தார். அப்புறம் எல்லாரும். கொல்லைக்காரருக்கு என்ன ஏதென்று தெரியாது, அவரும் சிரித்தார். அரியமுத்து அண்ணன் துண்டால் முகத்தைத் துடைத்தார். தூசி படிந்த கன்னத்தில் இரண்டு கோடு.

"ஓட்டத் தெரியாத மனுசனப் போயி ஆறு வருசமா திட்டிப்புட்டேனே மேடம்" என்றார். சொல்லிவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். எனக்கும் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. என் மூன்று நாள் கோந்துக் கையை அன்றைக்குத்தான் நான் மன்னித்தேன்.

சாயங்காலம் முந்நூற்று இருபது அடியில் இரண்டு இஞ்சுத் தண்ணீர் வந்தது. எல்லாரும் நனைந்தோம். கிளம்பும்போது என்னை ஊரில் விடுவதாகச் சொல்லி லாரியில் ஏறச் சொன்னார்கள். அண்ணன் டிரைவர் பக்கம் போகாமல் சுற்றி வந்தார். சாவிக் கயிற்றின் முடிச்சை அவிழ்த்தார். ஆறு வருஷ முடிச்சு, பல்லால் கடித்துத்தான் அவிழ்க்க முடிந்தது.

சாவியை அழகேசன் கையில் வைத்தார்.

"பிரேக்கு கொஞ்சம் இழுக்கும்" என்றார். "பாத்து ஓட்டு."