நாத்தனார் வைத்த பெயர்

என் நாத்தனாரை எனக்கு எந்தக் காலத்திலும் பிடித்ததில்லை. இதை நாசூக்காகச் சொல்ல எனக்கு வராது. 2004-இல் என் மகளுக்குப் பெயர் வைக்கவென்று அமெரிக்காவிலிருந்து சேலையூருக்கு வந்து இறங்கினாளே, அன்றிலிருந்து அது பகையாகவே ஆகிவிட்டது.

எங்கள் வீட்டு வழக்கப்படி, குழந்தையைத் தொட்டிலில் போட்டுக் காதில் மூன்று தரம் பெயர் சொல்வது அத்தையின் உரிமை. பெற்றவள் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருக்கலாம். எனக்கு முதலில் பிறந்தவள் மூன்றாம் நாளே போய்விட்டாள், பெயர்கூட வைக்கவில்லை. ஆஸ்பத்திரிச் சீட்டில் என் பெயரை எழுதி, பக்கத்தில் ‘குழந்தை’ என்று போட்டிருந்தார்கள். இவளை வயிற்றில் இருக்கும்போதே நான் ஒரு பெயர் சொல்லிக் கூப்பிட்டு வந்தேன். இவளுக்காவது என் வாயால் பெயர் வைக்கவேண்டும் என்று தவித்துக்கிடந்தேன்.

வந்தவள் பெட்டியைக்கூடத் திறக்கவில்லை.

“மாயான்னு வைக்கப்போறேன். சின்னப் பேரு, எந்த நாட்டுக்காரனும் ஈஸியா கூப்பிடலாம். என் பக்கத்து வீட்டு யூதப் பொம்பள, அவங்க பாஷைல அது தண்ணியச் சொல்றதுன்னா. கிரீஸ்ல ஒரு தாயோட பேராம். நம்ம சமஸ்கிருதத்துல கேக்கவே வேணாம், எவ்வளவு பெரிய தத்துவம்!”

“பாப்பா வளரப்போறது சேலையூர்ல, அண்ணி. இங்க ஒரு பொருள் காணாமப் போனாத்தான் மாயமாப் போச்சும்பாங்க.”

“உனக்கு எதை எடுத்தாலும் அபசகுனம்.”

என் கணவர் பேப்பரைத் தூக்கி முகத்தை மறைத்துக்கொண்டார். அக்காவுக்கும் பெண்டாட்டிக்கும் நடுவில் மனுஷனுக்கு அந்தப் பேப்பர்தான் கதி.

அவள் சொன்னபடியே நடந்தது. குழந்தை நாக்கில் சர்க்கரைத் தண்ணீரை வைத்து, காதில் மூன்று தரம் சொன்னாள். எனக்கு வயிறு எரிந்தது. போதாததற்கு மறுநாள் எங்கள் தெரு கூர்க்கா வேறு வாசலில் வந்து நின்று, “மாயாவா, அக்கா? எங்க நேபாள்ல மாயான்னா அன்பு!” என்று பல்லெல்லாம் தெரியச் சிரித்தான். பாவம், அவன் என்ன செய்வான்? அவன் மீதும் எரிந்து விழுந்தேன்.

அன்று சமையலறையில் நான் பாத்திரங்களைப் போட்டு உருட்டிக்கொண்டிருந்தபோது மாமியார் வந்து கதவைச் சாத்தினார்.

“அவளைக் கரிச்சுக் கொட்டாதம்மா. கல்யாணமான புதுசுல தனக்குப் பொறக்கப்போற பொண்ணுக்குன்னு பாத்து வெச்ச பேரு அது. பதினோரு வருஷம் காத்திருந்தா. இனிமே இல்லன்னு டாக்டர் சொல்லிட்டாராம். அதான் நம்ம பாப்பாவுக்குக் குடுத்துட்டா.”

கரண்டியைக் கழுவிக்கொண்டே கேட்டேன். இதை முன்னாலேயே சொல்லித் தொலைத்திருக்கலாமே என்று வந்தது. சொல்லியிருந்தால் மட்டும் விட்டுக்கொடுத்திருப்பேனா? மாட்டேன். அவளுக்கு இல்லாமல் போனதற்கு என் பெண்ணா ஈடு?

அவள் விமானம் ஏறிய மறுவாரம் குழந்தையைத் தூக்கிக்கொண்டு நகராட்சி அலுவலகத்துக்குப் போனேன். பிறப்புச் சான்றிதழில் பெயர் சேர்க்கும் படிவத்தில் நான் வைத்த பெயரை எழுதிக் கொடுத்தேன்.

“அக்கா கேட்டா என்ன சொல்றது?” என்றார் கணவர்.

“உங்க அக்காதானே, நீங்களே சொல்லுங்க.”

போனில் சொன்னாராம். கேட்டதும் அவள் போனை வைத்துவிட்டாளாம்.

ஆனாலும் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் அவளிடமிருந்து பார்சல் வருகிறது. உள்ளே கவுன், பொம்மை, கூடவே ‘மாயாவுக்கு’ என்று எழுதிய ஒரு சீட்டு. கவுனையும் பொம்மையையும் மகளிடம் கொடுத்துவிடுவேன். சீட்டை மட்டும் அவள் பார்ப்பதற்குள் கிழித்துப் போடுவேன். அது எந்தக் குழந்தையின் பெயர் என்று தெரிந்துதான் கிழிக்கிறேன்.