கொம்புக்கு அடித்த சிவப்புப் பெயின்ட்

கடற்கரை ஊரில் மணலுக்காக ஒருவர் மேல் வழக்குப் போட்டார்கள் என்றால் வெளியூர்க்காரர்கள் சிரிப்பார்கள். எழுபதுகளில் தூத்துக்குடியில் ஜூனியர் வக்கீலாகச் சேர்ந்த புதிதில் எனக்கும் சிரிப்புத்தான் வந்தது. கடல் மணலில் உப்பு இருக்கும், அதை வைத்துப் பூசினால் சுவர் பொரிந்து உதிரும், வீடு கட்ட வேண்டுமென்றால் தாமிரபரணி மணல்தான் என்று என் சீனியர் விளக்கினார். அந்த மணலை அனுமதிச் சீட்டு இல்லாமல் அள்ளினால் வண்டியைப் பிடித்துவிடுவார்கள்.

அப்படிப் பிடிபட்டவர் ஏரல் பக்கத்து மாட்டுவண்டிக்காரர். சீட்டெல்லாம் வாங்கியாயிற்று என்று சொல்லி மணல் கேட்ட வீட்டுக்காரர், போலீஸ் என்றதும் கையை விரித்துவிட்டார். வண்டியும் இரண்டு காளைகளும் காவல் நிலைய வளாகத்தில் நின்றன. லாரியைப் பிடித்து வைத்தால் துருப்பிடிக்கும், அவ்வளவுதான். மாட்டைப் பிடித்து வைத்தால் அதற்குப் பசிக்கும். சட்டம் எழுதியவர்கள் இதை யோசித்த மாதிரி தெரியவில்லை. வண்டிக்காரரின் மனைவி வைக்கோல் கட்டோடு பஸ் ஏறி, கண்டக்டரிடம் வசவு வாங்கிக்கொண்டு வந்து போட்டுவிட்டுப் போவார். அப்படியும் காளைகளுக்கு விலா எலும்பு தெரிய ஆரம்பித்துவிட்டது.

வழக்கு முடியும்வரை பொருளை உரியவரிடமே ஒப்படைக்கும்படி நீதிமன்றத்தைக் கேட்கலாம். அந்த மனுவை நான்தான் எழுதினேன். மாஜிஸ்திரேட் சம்மதித்தார், நிபந்தனைகளோடு. ஜாமீனுக்கு ஓர் ஆள் கையெழுத்துப் போட வேண்டும். வண்டியையும் மாடுகளையும் விற்கக் கூடாது, தோற்றத்தை மாற்றக் கூடாது, கூப்பிடும்போது கொண்டுவந்து காட்ட வேண்டும். மீறினால் எல்லாம் திரும்பவும் போலீஸ் கைக்குப் போய்விடும். வண்டிக்காரரிடம் ஒவ்வொன்றாக வாசித்துச் சொன்னேன். "விக்கவா? பெத்த பிள்ளைய யாரும் விப்பாவளாம்மா?" என்று அவர் விற்பதைப் பற்றிய பேச்சிலேயே நின்றுவிட்டார்.

அடுத்த வாய்தா பொங்கல் முடிந்து வந்தது. சீனியர் வேறொரு வழக்குக்காகத் திருநெல்வேலி போயிருந்தார். நீதிமன்ற வளாகத்துக்குள் வண்டி வந்து நின்றதைப் பார்த்ததும் வராந்தாவிலிருந்து இறங்கி ஓடினேன். காளைகளின் கொம்புகள் பளீரென்று சிவப்பு, நுனியில் பச்சை. பிடித்த அன்று போலீஸ் எழுதிய மகஜரில் 'கொம்புகளில் வர்ணம் இல்லை' என்று தெளிவாக இருந்தது.

"அண்ணாச்சி, தோற்றத்தை மாத்தக் கூடாதுன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேனே! எதுக்கு இப்படிப் பண்ணுனீங்க?"

அவருக்கு நான் ஏன் பதறுகிறேன் என்றே விளங்கவில்லை. "மாட்டுப் பொங்கல்லாம்மா. வருசத்துல அதுகளுக்குன்னு உள்ளது அந்த ஒரு நாளுதான். கேசு எம்மேலதான, மாட்டு மேல இல்லியே?"

அரசு வக்கீல் விடவில்லை. நிபந்தனையை மீறிவிட்டார், வண்டியையும் மாடுகளையும் இப்போதே எடுத்துக்கொள்ள வேண்டும் என்றார். இவை அதே மாடுகள்தானா என்று ஒரு சந்தேகம் வேறு. எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. கொம்புக்குப் பெயின்ட் அடித்தால் அது வேறு காளையாகிவிடுமா? பொங்கலுக்கு வெள்ளையடித்த வீடெல்லாம் வேறு வீடா? கிட்டத்தட்ட இதையேதான் கேட்டேன், குரலும் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. பிறகு வண்டிக்காரர் என்னிடம் சொன்னதை அப்படியே சொன்னேன். வழக்கு இவர் மேல்தான் ஐயா, மாடுகள் மேல் இல்லை.

மாஜிஸ்திரேட் எழுந்து வெளியே வந்தார். வண்டியைப் பிடித்த ஏட்டையாவைக் கூப்பிட்டு அடையாளம் பார்க்கச் சொன்னார். மகஜரில் கண்டபடியே ஒரு காளையின் தொடையில் சூட்டுத் தழும்பு இருந்தது. "அதே மாடுதான்யா. அன்னைக்கு என்னைய உதைச்சதும் இதுதான்" என்றார் ஏட்டையா. மாஜிஸ்திரேட்டுக்கே சிரிப்பு வந்துவிட்டது. வண்டியும் மாடுகளும் இவரிடமே இருக்கலாம் என்று உத்தரவாயிற்று. ஆனால் கொம்பில் உள்ள பெயின்ட்டை இன்றே எடுத்துவிட்டுத்தான் வளாகத்தைவிட்டுப் போக வேண்டும்.

வேப்பமரத்தடியில் மாடுகளைக் கட்டி, உடைந்த பாட்டில் துண்டால் வண்டிக்காரர் கொம்புகளைச் சுரண்டினார். ஏட்டையா மூக்கணாங்கயிற்றைப் பிடித்துக்கொண்டார். "ஆடாம நில்லுலே, இந்தா முடிஞ்சிட்டு" என்று வண்டிக்காரர் காளையிடம் பேசிக்கொண்டே சுரண்டினார். சிவப்புத் தூள் அவர் வேட்டியெல்லாம் உதிர்ந்தது. அன்றைய வாதத்தில் ஜெயித்தது நான்தான். எனக்கோ அங்கே நிற்கவே வெட்கமாக இருந்தது.

சுரண்டி முடித்ததும் கிளம்பிவிடுவார் என்று நினைத்தேன். அவர் காளைகளின் கழுத்தில் கட்டியிருந்த மணிகளை அவிழ்க்க ஆரம்பித்தார். பொங்கலுக்கு வாங்கிக் கட்டிய புது மணிகள்.

"அண்ணாச்சி, மணியை யாரும் கழத்தச் சொல்லலியே!"

"வேண்டாம்மா. அன்னைக்குப் பிடிச்சப்ப இது இல்லல்லா" என்றவர், சத்தம் வராமல் அவற்றைத் துண்டில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டார்.