ஆழத்து மீனும் அரைப்பிடி மஞ்சளும்

நெஞ்சில் கை வைத்துச் சத்தியமாகச் சொல்கிறேன்: ஒருவரும் நம்பாத கதை ஒன்றைச் சொல்லப்போகிறேன். என்னைத் தெரிந்த கொளச்சல்காரர்கள் இப்போதே சிரிப்பார்கள். சிரிக்கட்டும்.

என் அக்காள் மகள் டாக்டர் செலின் இறந்த செய்தி வந்தபோது, நான் மீன் ஏலக்கரையில் நின்று, எட்டுப் பேர் தூக்கியும் அசையாத ஒரு நெய்மீனைப் பற்றி அளந்துகொண்டிருந்தேன். போனில் பேசியவர் பெங்களூரில் அவளோடு வேலை பார்த்தவர். "மேடம் காலையில தவறிட்டாங்க. நெஞ்சுவலி" என்றார். சரி என்று போனை வைத்தேன். வைத்துவிட்டு, மீனின் வால் எவ்வளவு நீளம் என்பதையும் சொல்லி முடித்துத்தான் நின்றேன். ஏன் அப்படிச் செய்தேன் என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.

செலின் விஷயத்தில் எனக்கு எதுதான் விளங்கியது? உனக்கு என்ன வேலை என்று ஒரு தடவை அவளிடம் கேட்டேன். "உயிருள்ள எல்லாமே கண்ணுக்குத் தெரியாத செல்லுகளாலதான் ஆயிருக்கு மாமா. ஒவ்வொரு செல்லுக்கும் கொழுப்பால ஒரு தோலு உண்டு. அந்தத் தோலைத்தான் நான் ஆராயுதேன்" என்றாள். நான் நேரே கடைத்தெருவுக்குப் போய், மருமகள் தோல் டாக்டர் என்று அறிவித்துவிட்டேன். அந்தக் கிறிஸ்துமஸுக்கு அவள் ஊர் வந்தபோது, நெய்யூர் ஆஸ்பத்திரிக்குப் போகவேண்டிய சொறியும் படையும் எங்கள் வாசலில் வரிசைகட்டி நின்றன. அவள் யாரையும் விரட்டவில்லை. ஒவ்வொரு கையாகப் பிடித்துப் பார்த்து, "நான் இதைவிடச் சின்னத் தோலுக்காக்கும் டாக்டர்" என்று சொல்லி அனுப்பினாள். என்னைப் பார்த்து, "மாமா, அடுத்த வருசம் பல்லு டாக்டர்னு சொல்லிராதீங்க" என்றாள்.

நான் சொல்லாததா? அவளுடைய நுண்ணோக்கி கோவில் கோபுரத்தைவிட உயரம் என்றேன். அவள் உள்ளே நுழைந்தால் ஆறாயிரம் விஞ்ஞானிகள் எழுந்து நிற்பார்கள், உட்காரச் சொல்ல அவள் மறந்தால் சாயங்காலம்வரை நிற்பார்கள் என்றேன். அடக்கத்துக்கு வந்த பெங்களூர்க்காரர் அவளைப் பற்றி அரைமணி நேரம் பேசினார். அவர் சொன்ன செலின் எது, நான் கட்டிவிட்ட செலின் எது என்று தெரியாமல் விழித்தபடி இருந்தேன்.

அவள் எனக்குப் புரியும்படி கேட்டது ஒரே ஒரு கேள்விதான். "பெங்களூர்க் குளிருல தேங்காயெண்ணெய் கட்டியாயிருது. ஆழத்துல, அதைவிடக் குளிருல கிடக்குற மீனுக்கு உள்ள இருக்குற கொழுப்பு மட்டும் ஏன் மாமா உறையல? உறைஞ்சா செத்துருமே." இதைக் கண்டுபிடிக்க ஆழ்கடல் மீன் நாலு வேண்டும் என்றாள். "கத்தி படக்கூடாது. ஐஸ் மட்டும் போதும்" என்று மூன்று தடவை சொன்னாள்.

மீனை வாங்கி அக்காள் வீட்டில் வைத்துவிட்டு ஐஸ் உடைத்துவரப் போனேன். சொன்னதை அக்காளிடம் சொல்ல மறந்தேன். மகளுக்குப் போகிற மீன். அக்காள் சும்மா இருப்பாளா? செதிள் போக்கி, குடல் எடுத்து, துண்டு போட்டு, உப்பும் அரைப்பிடி மஞ்சளும் தேய்த்துப் பெட்டியில் அடுக்கிவிட்டாள். நானும் உள்ளே என்ன என்று பாராமல் ஐஸைக் கொட்டி மூடிப் பஸ்ஸில் ஏற்றினேன்.

இரண்டு நாள் கழித்து செலின் கூப்பிட்டாள். "மாமா, புளியை மட்டும் ஏன் விட்டீங்க?" என்று சிரித்தாள். பிறகு குரல் மாறியது. "எறியுறதுக்கு முன்ன ஒரு துணுக்கை நீல வெளிச்சத்துல வச்சுப் பாத்தேன். மஞ்சள் அந்தச் செல்லுத் தோலுல போய் ஒட்டியிருக்கு மாமா. ஒவ்வொரு செல்லும் ஓரத்துல விளக்கு வச்சாப்பில மின்னுது. யாரு தேச்சது?"

"நானாக்கும்" என்றேன். வாய்ப் பழக்கம்.

ஊரெல்லாம் அதையே சொன்னேன்: நான் தேய்த்தேன், மீன் மின்னியது. அக்காளிடமும் சொன்னேன். தேய்த்தது தன் கை என்று அவளுக்குத் தெரியும்; ஆகவே மின்னியதும் பொய் என்று முடிவு கட்டிவிட்டாள். மகளிடம் கேட்கவும் பயம். அடக்கம் முடிந்த மறுநாள் என்னிடம், "ஏலே, நான் அவ வேலையக் கெடுத்துப்போட்டேன், இல்லியா? அவ மனசுல வச்சுக்கிட்டே போயிருப்பா" என்றாள். இல்லை அக்கா, நிஜமாகவே மின்னியது என்றேன். "நீ சும்மா கிட. செத்த வீட்டுலயுமா பொய்?" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

பெங்களூர்க்காரர் கொண்டுவந்த பெட்டியில் ஒரு சின்னப் பாட்டில் இருந்தது. புதிதாகச் சேரும் பிள்ளைகளுக்கு மேடம் முதலில் காட்டுவது இதைத்தான் என்றார். பாதி மஞ்சள்பொடி, மேலே ஒட்டிய சீட்டில் செலின் கையெழுத்து: 'மாமா'.

அச்சில் வந்தால் அக்காள் நம்புவாள். அதனால்தான் முப்பதாம் நாள் பூசைக்கு அச்சிடும் நினைவு மலரில் இதை எழுதுகிறேன். நெய்மீன் பொய். கோபுரம் பொய். எழுந்து நின்ற ஆறாயிரம் பேரில் ஒருவர்கூட நிஜமில்லை. அவளிடமிருந்து என்னிடம் தங்கியது இந்தப் பாட்டில் ஒன்றுதான். அதன் சீட்டில் உள்ள பெயரும் தப்பு. மீன் மின்னியது மட்டும் உண்மை, அக்கா. தேய்த்தது உன் கை.